மண் வீட்டின் வயதை எங்கே பார்ப்பது? பெய்ன்பிரிட்ஜ் பண்டிங்கின் நியூ மெக்சிகோ ஆய்வுகள்

கேட்கப்பட்டவை மூன்று. அமெரிக்க வட்டாரக் கட்டடக்கலையை ஆராய்ந்த பெய்ன்பிரிட்ஜ் பண்டிங் உண்மையில் என்ன செய்தார்? அவர் போன வழியில் போய் ஒரு பழைய மண் வீட்டின் வயதைக் கணிப்பது எப்படி? அமெரிக்காவின் நியூ மெக்சிகோ மாநிலத் தலைநகரான சான்டா ஃபேவில் இன்று கண்ணில் படும் மண் நிறக் கட்டடங்களெல்லாம் பழையவைதானா?

கடைசிக் கேள்விக்குப் பதில் சிறியது, அதை முதலில் முடித்துவிடலாம். பெரும்பாலானவை பழையவை அல்ல. 1912இல் அந்நகரம் போட்ட திட்டத்தில்தான் ‘பழைய முகத்தைக் காப்பது’ என்பது கொள்கையாயிற்று. 1610 வாக்கில் தொடங்கிய ஆளுநர் மாளிகையின் முகப்புத் தாழ்வாரத்தை எல்லோரும் படம் எடுக்கிறார்கள். அந்தத் தாழ்வாரம் 1913இல் கட்டியது. அதற்கு முன் அந்த இடத்தில் விக்டோரியா பாணியில் கைப்பிடி வைத்த மரத் தாழ்வாரம் இருந்தது. ஸ்பானியப் பாதிரிகளின் பழைய மிஷன் கோயில்களை, அதாவது தேவாலயங்களைப் பார்த்து வரைந்த கலை அருங்காட்சியகம் 1917இல் வந்தது. 1957இல் வரலாற்றுப் பகுதிக்கான கட்டட விதி சட்டமாகவே ஆனது. அதன் பிறகு செங்கல், கான்கிரீட் கல், மரச்சட்டம் எதில் கட்டினாலும் மேலே மண் நிறப் பூச்சுதான். ஆல்புகெர்க்கியில் உள்ள நியூ மெக்சிகோ பல்கலைக்கழகத்தின் ஹாட்ஜின் மண்டபம் இதற்கு இன்னும் தெளிவான சான்று. 1892இல் சரிவுக் கூரையோடு செங்கல்லில் கட்டிய அந்தக் கட்டடத்துக்கு 1908இல் கூரையை எடுத்துவிட்டுப் பியூப்ளோ வேடம், அதாவது அப்பகுதிப் பழங்குடிகளின் மண் வீட்டுத் தோற்றம் கட்டினார்கள். ஆக, பூச்சையும் வெளியே நீட்டிக்கொண்டிருக்கும் உத்திர முனைகளையும் நம்பி வயது சொன்னால் நூறு, இருநூறு ஆண்டுகள் தவறிப்போகும்.

பண்டிங் (1913–1981) அந்தப் பல்கலைக்கழகத்தில்தான் 1940களின் இறுதியிலிருந்து கட்டடக்கலை வரலாறு கற்பித்தார். அவருக்கு முன் கலை வரலாற்றாளர் ஜார்ஜ் கூப்ளர் நியூ மெக்சிகோவின் கோயில்களைப் பற்றி 1940இல் பெரிய நூல் எழுதிவிட்டார். வீடுகளை யாரும் அந்த அளவுக்குத் தொடவில்லை. பண்டிங் மாணவர்களை அழைத்துக்கொண்டு போய் வீடு வீடாக அளந்து வரைபடம் போட்டார். மாநிலத்தின் வடக்கே உள்ள தாவோஸ் பள்ளத்தாக்கின் வீடுகளைப் பற்றிய நூல் 1964இல் வந்தது. மாநிலம் முழுவதற்குமான நூல் 1976இல் வந்தது. அளந்து வரைவது பார்வைக்குச் சலிப்பான வேலை, ஆனால் அவருடைய ஆய்வின் பலமே அதில்தான் இருக்கிறது. படம் எடுப்பவர் முகப்பை மட்டும் கொண்டுபோவார். அளப்பவர் சுவரின் கனத்தையும் உத்திரத்தின் திசையையும் எழுதியே ஆக வேண்டும். வீட்டின் வரலாறு அங்கேதான் கிடக்கிறது.

ஏன் என்று புரிய, வீடு எப்படிக் கட்டப்பட்டது என்பதைத் தெரிந்துகொள்ள வேண்டும். ஸ்பானியர் 1598இல் குடியேறும் முன்பே பியூப்ளோ மக்கள் மண்ணில் கட்டினார்கள். அவர்கள் மண் கல் வார்க்கவில்லை. குழைத்த மண்ணைக் கையால் அள்ளிவைத்து வரிவரியாகச் சுவர் எழுப்பினார்கள். மர அச்சில் வார்த்துக் காயவைக்கும் சுடாத மண் கல்லும், அதில் கலக்கும் கோதுமை வைக்கோலும் ஸ்பானியரோடு வந்தவை. இந்தக் கல்லுக்குத்தான் அடோபி என்று பெயர். இன்று அங்கே வழக்கத்தில் உள்ள அளவு 14 அங்குல நீளம், 10 அங்குல அகலம், 4 அங்குல உயரம். ஒரு கல் ஏறத்தாழ 14, 15 கிலோ இருக்கும். காலனிக் காலத்துக் கற்கள் இந்த அளவுக்கு அடங்கியவை அல்ல, வீட்டுக்கு வீடு மாறும்.

மண்ணில் பாதிக்கு மேல் மணல் இருக்க வேண்டும். களி கால் பங்கு அளவில் நின்றால் நல்லது. களி மிஞ்சினால் காயும்போது கல் வெடிக்கும். மணல் மிஞ்சினால் விளிம்பு உதிரும். வைக்கோல் சேர்ப்பது முக்கியமாகக் கல் காய்வதைச் சீராக்க, அதாவது வெளிப்புறம் இறுகி உள்ளே ஈரம் தங்கி வெடித்துவிடாமல் இருக்க. வார்த்த கல்லை இரண்டு மூன்று நாள் படுக்கையில் விட்டு, பிறகு விளிம்பில் நிறுத்தி, பிறகு அடுக்கி, மூன்று நான்கு வாரம் காயவிடுவார்கள். காய்ந்த கல்லை இடுப்பு உயரத்திலிருந்து மூலை படும்படி போட்டுப் பார்ப்பது களத்துச் சோதனை. மூலை சிதைந்தால் பரவாயில்லை, இரண்டாகப் பிளந்தால் அந்த வார்ப்பையே சந்தேகிக்க வேண்டும். கல்லைச் சேர்க்கும் சாந்தும் அதே மண்தான். பழைய வீடுகள் பலவற்றுக்குக் கடைக்கால் என்று தனியாக எதுவும் கிடையாது. இருந்தாலும் ஆற்றுக் கூழாங்கல்லை மண்ணில் பதித்த ஒரு வரிதான் இருக்கும்.

வீட்டின் வடிவத்தைத் தீர்மானித்தது சுவரல்ல, கூரை. பட்டை உரித்த பைன் மரத்தை முழு உருட்டாக, அறையின் குறுகிய பக்கமாகப் போடுவார்கள். இதற்கு வீகா என்று பெயர். மலையிலிருந்து இழுத்து வரக்கூடிய நீளமும் தாங்கக்கூடிய பருமனும் அறையின் அகலத்தை ஏறத்தாழ 15 அடிக்குள் நிறுத்திவிட்டன. வீகாக்களுக்குக் குறுக்கே நெருக்கமாகக் குச்சிகள், அதற்கு மேல் புல்லோ செத்தையோ, அதற்கு மேல் மண். 15 அடிக்கு 20 அடி அறையின் மேல் 8 அங்குலம் மண் போட்டால் 200 கன அடி. கன அடிக்கு 45 கிலோ என்று வைத்தாலும் 9,000 கிலோ. ஒழுகும்போதெல்லாம் மேலே இன்னும் கொஞ்சம் மண் கொட்டுவது வழக்கம். பல தலைமுறை இப்படிக் கொட்டிய கூரையில் வீகா நடுவே தொய்வது தவிர்க்க முடியாதது. சில அறைகளில் நடுவே ஒரு தூணும் முட்டுக் கட்டையும் பின்னால் வந்து நிற்பதற்கு அழகுணர்ச்சி காரணமல்ல.

அகலம் இப்படிக் கட்டுப்பட்டதால் வீடு நீளத்தில்தான் வளர முடிந்தது. ஓர் அறைக்குப் பக்கத்தில் இன்னோர் அறை, ஒற்றை வரிசை. அறைக்கு அறை வெளிக்கதவு, உள்ளே நடை என்று ஒன்று இல்லை. பிள்ளைகளுக்குக் கல்யாணமானால் வரிசையின் கடைசியில் ஓர் அறை சேரும். பிறகு வரிசை மடங்கி ‘ட’ போலாகும். வசதியுள்ள இடத்தில் மேலும் மடங்கி நான்கு புறமும் அடைத்து முற்றம் வைத்த வீடாகும். அந்த முற்றத்துக்குள் வண்டி நுழையும் அளவுக்கு ஒரு பெரிய வாசல் வைப்பார்கள். பழைய உயில்களில் அறையின் அளவை அடிக்கணக்கில் சொல்லாமல் ‘இத்தனை வீகா அறை’ என்றே எழுதியிருக்கிறார்கள். ஓர் அறையையே வீகா எண்ணிக்கையில் பிரித்து வாரிசுகளுக்குக் கொடுத்ததும் உண்டு. எனவே ஒரே வரிசையில் ஒரு பாதி நல்ல பூச்சோடும் மறு பாதி இடிந்தும் நின்றால், அது இரண்டு குடும்பத்தின் பங்காக இருந்திருக்கலாம் என்ற எண்ணம் முதலில் வர வேண்டும்.

1846இல் அமெரிக்க ராணுவம் வந்த பின் நிகழ்ந்ததைத்தான் ‘டெரிடோரியல்’ கட்டம், அதாவது மாநிலமாகும் முன் அமெரிக்க ஆட்சிப் பகுதியாக இருந்த கட்டம் என்கிறார்கள். அதன் அடையாளங்கள் எளியவை: மர ஆலையில் அறுத்த சட்டங்கள், பெரிய கண்ணாடிச் சன்னல்கள், சன்னலின் தலையில் முக்கோணப் பலகை, கைப்பிடிச் சுவரின் உச்சியில் சுட்ட செங்கல் வரிசை. கடைசியில் சொன்னது அலங்காரம் போலத் தோன்றும். வேலை என்னவோ, சுவரில் முதலில் கரையும் இடத்தை மழையிலிருந்து காப்பதுதான். முக்கோணப் பலகையை வைத்து வயது சொல்பவர்கள் வழக்கமாக ஒரு பிழை செய்வார்கள். அந்தப் பலகை பழைய கிரேக்கக் கோயில்களைப் பின்பற்றிய கிரேக்க மறுமலர்ச்சிப் பாணி. கிழக்குக் கரையில் 1860 வாக்கில் அதன் மவுசு போய்விட்டது. நியூ மெக்சிகோவில் தச்சர்கள் 1880களிலும் அதைச் செய்துகொண்டிருந்தார்கள். பாஸ்டன் வீட்டுக்குப் பொருந்தும் பாணி அட்டவணையை அப்படியே தாவோஸுக்குத் தூக்கிக்கொண்டு வர முடியாது. வட்டாரக் கட்டடக்கலையைத் தனியாகப் படிக்க வேண்டிய முக்கியக் காரணமே இதுதான் என்பேன்.

1880இல் ரயில் வந்தது. அதோடு தகரமும் வந்தது. வடக்கு மலைப் பகுதிகளில் பனி அதிகம், தட்டைக் கூரையோடு காலமெல்லாம் போராடியவர்கள் சரிவுத் தகரக் கூரையை விரும்பி ஏற்றுக்கொண்டார்கள். பழைய மண்ணை இறக்காமல் அதன் மேலேயே சரிவுக் கூரையை நிறுத்தியவர்களும் பலர். பரணில் ஏறிப் பார்த்தால் தகரத்துக்கு அடியில் மண் தளமும், சில சமயம் பழைய கைப்பிடிச் சுவரின் விளிம்பும் அப்படியே இருக்கும். ‘தகரக் கூரை நமது மரபுக்குப் பொருந்தாது’ என்று அதைக் கழற்றித் தட்டைக் கூரை வைக்கச் சொல்லும் ஆர்வலர்களைப் பார்த்தால் எரிச்சல்தான் வரும். அந்தத் தகரத்துக்கும் இன்று நூறு வயது தாண்டிவிட்டது, அடியில் உள்ள சுவரைக் காத்ததும் அதுதான்.

இனி அளக்கும் முறை. முதலில் ஒவ்வோர் அறையின் நான்கு பக்கத்தையும் இரண்டு மூலைவிட்டத்தையும் அளக்க வேண்டும். இந்த அறைகள் செங்கோணத்தில் இருப்பது அரிது. மூலைவிட்டம் இல்லாமல் பக்கங்களை மட்டும் வைத்து வரைந்தால் மூன்றாவது அறையிலேயே வரைபடம் முட்டிக்கொள்ளும். பிறகு ஒவ்வொரு கதவு, சன்னல் நிலையிலும் சுவரின் கனம். உட்சுவர் ஒன்று மற்றவற்றைவிடத் தடிமனாக இருந்தால் அது ஒரு காலத்தில் வெளிச்சுவராக இருந்திருக்கலாம். இரண்டு சுவர் சேரும் மூலையில் பூச்சு உதிர்ந்த இடம் கிடைத்தால் கவனமாகப் பார்க்க வேண்டும். கற்கள் ஒன்றுக்குள் ஒன்று பல் விட்டுக் கோத்திருந்தால் இரண்டும் ஒரே காலம். மேலிருந்து கீழ்வரை நேர்க்கோடாக இடைவெளி ஓடினால் ஒன்று பிந்தியது, முட்டிக்கொண்டு நிற்பதே பிந்தியது. அடுத்து தரைமட்டம், அடுத்து வீகாக்களின் திசையும் எண்ணிக்கையும் குறுக்களவும். பக்கத்து அறைகளில் திசை மாறினால் அல்லது பருமன் சட்டென்று மாறினால் அங்கே ஒரு கட்டம் முடிந்து இன்னொன்று தொடங்குகிறது.

சன்னல் நிலையில் சுவர் எதிர்பார்த்ததைவிட மெல்லியதாக இருந்தால் அது அடோபியே இல்லாமல் இருக்கலாம். மலைக் கிராமங்களில் மரக்கட்டைகளைப் படுக்கையாக அடுக்கி, மேலே மண் பூசிய வீடுகள் உண்டு. நிலத்தில் நட்ட கம்புகளுக்கு இடையே மண் அப்பிய சுவர்களும் உண்டு, அதற்கு ஹக்கால் என்று பெயர். ரியோ கிராண்டே ஆற்றோரத் தாழ்நிலங்களில் அச்சே இல்லாமல், புல்வேர் பின்னிய ஈர மண்ணை மண்வெட்டியால் கட்டியாக வெட்டியெடுத்துக் கட்டியிருக்கிறார்கள். பூச்சுக்கு மேலிருந்து பார்த்தால் இவை எல்லாமே ஒரே மாதிரிதான்.

மரவேலை காலத்தைச் சொல்லும், ஆனால் ஒரு பக்கமாக மட்டும். இரும்புக்குப் பஞ்சமான நாட்களில் கீல் கிடையாது. கதவின் ஓரப் பலகையிலேயே மேலும் கீழும் குடுமி செதுக்கி நிலையின் குழியில் பொருத்தினார்கள். குடுமிக் கதவு இருந்தால் பழைய கைவேலை என்று சொல்லலாம். பலகையில் ரம்பத்தின் தடம் வளைந்த கோடுகளாக இருந்தால் வட்ட ரம்பம், அது 1846க்குப் பிந்தியது. சமமான உருண்டைக் கம்பி ஆணி அடித்திருந்தால் ஏறக்குறைய 1890க்குப் பிந்தியது. ஆனால் கதவும் நிலையும் வீடு விட்டு வீடு போகும். பழைய கதவு புதிய வீட்டில் நிற்பது அங்கே சாதாரணம், சான்டா ஃபேவில் அது வியாபாரமும்கூட. புதிய பொருள் அந்தச் சன்னலின் வயதுக்கு மேல்வரம்பு வைக்கும். பழைய பொருள் எதையும் உறுதி செய்யாது.

உறுதியான ஆண்டு வேண்டுமென்றால் மரத்தில் ஆண்டுக்கு ஒன்றாகச் சேரும் வளையத்துக்குத்தான் போக வேண்டும். அந்த அறிவியலே இந்தப் பகுதியில்தான் வளர்ந்தது. அரிசோனா பல்கலைக்கழகத்தின் ஏ. இ. டக்ளஸ் 1929இல் ஷோ லோ என்ற ஊரில் கிடைத்த ஒரு கருகிய உத்திரத்தை வைத்து, அறுந்து கிடந்த வளைய வரிசைகளை இணைத்தார். அதன் பிறகு பியூப்ளோ இடிபாடுகளுக்கு ஆண்டு சொல்ல முடிந்தது. வீகாவுக்கு இது நன்றாகப் பொருந்தும். பட்டை மட்டும் உரித்த முழு உருட்டு என்பதால் கடைசி வளையம் பெரும்பாலும் தப்பியிருக்கும். பட்டைக்கு அடியில் வண்டு குடைந்த தடம் மரத்தின் மேற்பரப்பில் தெரிந்தால் அங்கே வெளி வளையம் சேதமில்லை என்று பொருள், மாதிரி எடுக்கத் துளை போட வேண்டிய இடம் அதுதான். சதுரமாகச் செதுக்கிய உத்திரத்தில் வெளி வளையங்கள் போயிருக்கும். அப்போது ‘இந்த ஆண்டுக்குப் பிறகு’ என்று மட்டுமே சொல்லலாம். ஒரே ஒரு மாதிரியை எடுத்து முடிவு சொல்வது பெரும் பிழை. நல்ல வீகா விலையுயர்ந்த பொருள், இடிந்த வீட்டிலிருந்து கழற்றிக்கொண்டு போவார்கள். ஓர் அறையில் பல வீகாக்கள் ஒரே ஆண்டைக் காட்டினால் நம்பலாம். ஆண்டுகள் சிதறிக் கிடந்தால் மறுபயன்பாடு, அவற்றில் பிந்தியதைத்தான் கூரையின் காலமாகக் கொள்ள வேண்டும். அதுவும் கூரையின் காலமே தவிரச் சுவரின் காலமல்ல. சுவருக்கு ஒரு துணைச் சான்று கல்லுக்குள்ளேயே இருக்கும். வீட்டருகே தோண்டிய மண் என்பதால் பானை ஓடு, கண்ணாடித் துண்டு எல்லாம் கலந்து வார்க்கப்பட்டிருக்கும். ஓர் அடோபியில் பாட்டில் கண்ணாடி தெரிந்தால் அந்தச் சுவர் பதினெட்டாம் நூற்றாண்டு என்று வாதாடுவது கடினம்.

பழுதைப் பற்றியும் சொல்லாமல் விட முடியாது, ஏனென்றால் இருபதாம் நூற்றாண்டில் இந்த வீடுகளுக்குப் பெரும் சேதம் செய்தது நல்லெண்ணத்தில் பூசிய சிமென்ட். மண் சுவர் ஈரத்தை உறிஞ்சும், பிறகு வெளியே விடும். மண் பூச்சு அதற்கு இடம் கொடுக்கும், கூடவே மழையில் தானும் கரையும், அதனால் ஆண்டுதோறும் அல்லது சில ஆண்டுக்கு ஒருமுறை பூச வேண்டும். இந்த வேலைக்கு அலுத்துப்போய்க் கம்பி வலை அடித்துச் சிமென்ட் பூசினார்கள். சிமென்ட்டும் மண்ணும் வெயிலுக்கும் குளிருக்கும் ஒரே அளவில் விரிந்து சுருங்குவதில்லை, முடி போன்ற வெடிப்பு விழும். அதன் வழியே மழைநீர் உள்ளே போகும், வெளியே வர வழியில்லை. நிலத்திலிருந்து ஏறும் ஓதமும் சேர்ந்துகொள்ளும். அடிச்சுவர் நனைந்து குழைந்து உட்காரும், வெளியே பூச்சு ஓடு மட்டும் ஒழுங்காக நிற்கும். ராஞ்சோஸ் டே தாவோஸில் உள்ள சான் ஃபிரான்சிஸ்கோ டே அசிஸ் கோயிலுக்கு 1967இல் இப்படித்தான் சிமென்ட் பூசினார்கள். 1979இல் அதை உரித்துவிட்டு மண் பூச்சுக்கே திரும்பினார்கள். இன்றும் ஊர் மக்கள் கூடி வைக்கோல் கலந்த மண்ணை ஆண்டுதோறும் பூசுகிறார்கள்.

சிமென்ட் பூசிய வீட்டைச் சோதிப்பவர் தரையிலிருந்து இரண்டடி உயரம்வரை கவனிக்க வேண்டும். தட்டினால் பொள்ளலாகக் கேட்பது, அடியில் வயிறு தள்ளியிருப்பது, உட்புறம் வெள்ளை உப்புப் பூப்பது ஆகிய மூன்றும் ஆபத்தின் அறிகுறிகள். உடனே பூச்சை முழுவதும் உரித்துவிடக் கூடாது. அந்த ஓடுதான் சுவரைப் பிடித்துக்கொண்டிருக்கக்கூடும். கூரைக்கு முட்டுக் கொடுத்து, அடியில் ஒரு பட்டையை மட்டும் திறந்து, காயவிட்டு, பிறகு குழைந்த பகுதியைச் சிறு சிறு இடமாக வெட்டி அதே வகை மண் கல்லால் நிரப்ப வேண்டும். அதற்கும் முன்னால் நீரின் வழியைத் திருத்த வேண்டும். வெளித்தரை காலப்போக்கில் உயர்ந்து உள்தரையைத் தாண்டியிருக்கும், அதை வெட்டி இறக்க வேண்டும். கூரைத் தூம்பு விழும் இடத்தில் தண்ணீர் சுவரை நோக்கித் தெறிக்கக் கூடாது. சுவரின் காலைச் சுற்றிக் கான்கிரீட் கட்டுவது ஓதத்தை இன்னும் மேலே தள்ளும், நோயை மாடிக்கு ஏற்றுவது போன்ற வைத்தியம் அது.

பண்டிங்கை மண் வீட்டு ஆய்வாளர் என்று மட்டும் எண்ணுவோர் அவருடைய 1967ஆம் ஆண்டு நூலைப் பார்க்க வேண்டும். அது பாஸ்டனின் பேக் பே குடியிருப்பைப் பற்றியது. சேற்று நிலத்தை 1850களின் இறுதியிலிருந்து நீடம் ஊரின் கிராவல் மண்ணை ரயிலில் கொண்டுவந்து நிரப்பி உருவாக்கிய பகுதி அது. நிரப்பும் வேலை கிழக்கிலிருந்து மேற்காக நகர்ந்ததால், ஆர்லிங்டன் தெருவிலிருந்து மேற்கே நடந்தால் வீடுகளும் பெரும்பாலும் அதே வரிசையில் வயது குறைந்துகொண்டே போகும். அங்கே நகராட்சியின் கட்டட அனுமதிப் பதிவுகள் இருந்தன. அவர் வீடு வீடாக ஆண்டு, கட்டடக் கலைஞர், முதல் உரிமையாளர் என்று பட்டியலிட்டார். நியூ மெக்சிகோவில் அத்தகைய பதிவே இல்லாததால் அளவு நாடா அதன் இடத்தைப் பிடித்தது. பேக் பேயில் வடிவத்தைக் கட்டுப்படுத்தியது பத்திர நிபந்தனை. தெருவிலிருந்து எத்தனை அடி உள்ளே தள்ளிக் கட்ட வேண்டும் என்பது நிலத்தை விற்கும்போதே எழுதப்பட்டது. தெருக்கள் அவ்வளவு சீராக இருப்பதற்குக் காரணம் ரசனை ஒற்றுமையல்ல, இந்த நிபந்தனைதான்.

அங்கே பழுதின் திசையும் தலைகீழ். வீடுகள் நிலத்தில் அடித்து இறக்கிய மரப் பைல்களின் மேல் நிற்கின்றன. நிலத்தடி நீருக்குள் மூழ்கியிருக்கும்வரை காற்று படாததால் மரம் அழுகாது. ஒழுகும் கழிவுநீர்க் குழாயோ அடித்தளப் பம்போ நீரை உறிஞ்சி மட்டம் இறங்கினால் பைலின் தலை வெளிப்பட்டு அழுகும், வீடு சாயும். அப்போது அடியில் குழி தோண்டி, அழுகிய தலையை வெட்டியெடுத்து, எஃகும் கான்கிரீட்டும் வைத்து நிரப்ப வேண்டும். இதைக் கண்காணிக்கவே அந்நகரத்தில் 1986இல் நிலத்தடி நீருக்கென்று ஓர் அறக்கட்டளை ஏற்பட்டது. தாவோஸ் சுவரின் அடியை உலரவைக்க வேண்டும், பாஸ்டன் பைலின் தலையை நனைத்தே வைக்க வேண்டும்.

எதிலிருந்து படிக்கத் தொடங்குவது என்று கேட்டால், 1976ஆம் ஆண்டின் நியூ மெக்சிகோ நூல்தான். தாவோஸ் நூல் சிறியது, ஆனால் அதன் வரைபடங்களைத் தரைப்படத்தோடும் வெட்டுத்தோற்றத்தோடும் சேர்த்து நிதானமாகப் பார்க்க வேண்டும். சான்டா ஃபே பாணி எப்படி உருவாக்கப்பட்டது என்று அறிய, ஜான் கா மீம் என்ற கட்டடக் கலைஞரைப் பற்றிப் பண்டிங் எழுதி, பண்டிங் மறைந்த பின் 1983இல் வெளிவந்த நூல் உதவும். ஒரே ஓர் எச்சரிக்கை: பண்டிங்கின் நூல்களில் மர வளையச் சோதனை இல்லாமல் குடும்ப வாய்மொழியையோ பாணியையோ கொண்டு குறித்த ஆண்டுகளைத் தற்காலிகமானவை என்றே கொள்ளுங்கள். அளவுகளை நம்பலாம்.